பழைய லேப்டாப்பில் குரோம் ஓஎஸ் ஃபிளெக்ஸ்: பென்டிரைவில் தொடங்கி தமிழ் டைப்பிங் வரை

கடலூர் மஞ்சக்குப்பத்தில் சின்னதாக ஒரு கடை வைத்திருக்கிறேன். ஜெராக்ஸ், ஆன்லைன் விண்ணப்பம், தமிழ் டைப்பிங் எல்லாம் கலந்த கடை. வாரத்துக்கு ஒருவராவது பழைய லேப்டாப்பைத் துணிப்பையில் போட்டுக்கொண்டு வந்து நிற்பார்கள். "அண்ணே, ஆன் ஆவறதுக்கே பத்து நிமிஷம் ஆவுது. எதுனா பண்ண முடியுமா, இல்ல எடைக்குப் போட்டுடவா?"

வருவதில் பாதி அரசு கொடுத்த பிளஸ் டூ லேப்டாப். 2011 செப்டம்பரில் தொடங்கிய திட்டம் அது. ஆரம்ப வருடங்களில் வந்தவற்றில் ரேம் 2 ஜிபிதான். மீதிப் பாதி, ஆபீசில் கழித்துக்கட்டியதை யாரோ வாங்கி வந்தவை. விண்டோஸ் 10க்கான ஆதரவு 2025 அக்டோபர் 14ஆம் தேதியோடு முடிந்துவிட்டது. விண்டோஸ் 11 இந்த மெஷின்களைப் பார்த்ததுமே கதவைச் சாத்திவிடும். இவற்றில் பலவற்றை நான் குரோம் ஓஎஸ் ஃபிளெக்ஸ் என்ற இயங்குதளத்தைப் போட்டுத் திருப்பிக் கொடுத்திருக்கிறேன். சிலவற்றை, "இதில் போட வேண்டாம்" என்று சொல்லி அப்படியே கொடுத்திருக்கிறேன். இந்த இரண்டாவது முடிவை எப்படி எடுப்பது என்பதையும் சேர்த்துத்தான் எழுதுகிறேன்.

இது என்ன?

2009 நவம்பரில் கூகுள், குரோமியம் ஓஎஸ் என்ற பெயரில் ஒரு இயங்குதளத்தின் மூலநிரலை எல்லோரும் எடுத்துக்கொள்ளும்படி வெளியிட்டது. அடியில் லினக்ஸ் கெர்னல் என்ற உட்கரு, மேலே ஒரு பிரவுசர், அவ்வளவுதான். அதே நிரலிலிருந்து கூகுள் செய்துகொண்டதுதான் 2011 முதல் குரோம்புக் என்ற லேப்டாப்களில் வரும் குரோம் ஓஎஸ். நியூயார்க்கைச் சேர்ந்த நெவர்வேர் என்ற நிறுவனம் அந்தத் திறந்த நிரலை எடுத்து, சாதாரண பழைய கம்ப்யூட்டர்களில் ஓடும்படி கிளவுட்ரெடி என்று ஒன்றைச் செய்தது. 2020 டிசம்பரில் கூகுள் அந்த நிறுவனத்தையே வாங்கிவிட்டது. 2022 ஜூலையில் அது குரோம் ஓஎஸ் ஃபிளெக்ஸ் என்ற பெயரில் முழுமையாக வெளிவந்தது. காசு கிடையாது.

முழுக்கத் திறந்த மூலமா என்று கேட்டால், இல்லை. அடித்தளம் திறந்த மூலம். அதன் மேல் கூகுள் தன் சொந்தச் சரக்கையும் சேர்த்திருக்கிறது. உள்ளே நுழைய கூகுள் கணக்கும் வேண்டும். இது உறுத்தினால் லுபுன்டு, லினக்ஸ் மின்ட் மாதிரி லினக்ஸ் வகை ஒன்றைப் போட்டுக்கொள்ளுங்கள், தப்பே இல்லை. விழுப்புரத்தில் க்னு லினக்ஸ் பயனர் குழு இருக்கிறது, புதுச்சேரியில் கட்டற்ற மென்பொருள் வன்பொருள் இயக்கத்தினர் இருக்கிறார்கள். சொல்லிக்கொடுக்க ஆள் இல்லாத ஊரில் நாம் இல்லை. நான் ஃபிளெக்ஸைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம் ஒன்றுதான்: போட்டுக் கொடுத்த பிறகு வாடிக்கையாளர் திரும்பி வந்து என்னிடம் எதையும் கேட்க வேண்டியிருப்பதில்லை.

போடுவதற்கு முன்: உங்கள் வேலை பிரவுசரில் முடிகிறதா?

கடைசியாக ஒரு மாதத்தில் கம்ப்யூட்டரில் என்னென்ன செய்தீர்கள் என்று நினைத்துப் பாருங்கள். டிஎன்பிஎஸ்சி விண்ணப்பம், மின்கட்டணம், ஜிமெயில், யூடியூப், வாட்ஸ்ஆப் வெப், பாடத்துக்கான பிடிஎஃப், ஒரு வேர்டு ஃபைலைத் திருத்தியது. இவ்வளவுதான் என்றால் ஃபிளெக்ஸ் உங்களுக்கானது.

டாலியில் கணக்கு எழுதுகிறீர்களா? வேண்டாம். போட்டோஷாப், பேஜ்மேக்கரில் கல்யாணப் பத்திரிகை வடிவமைக்கிறீர்களா? வேண்டாம். கைரேகைக் கருவி, டிஜிட்டல் கையெழுத்து டோக்கன் வைத்து வேலை செய்பவர்கள் இந்தப் பக்கமே வர வேண்டாம். அவற்றுக்கான மென்பொருள் இதில் ஏறாது. குரோம்புக்கில் ஓடுவது மாதிரி பிளே ஸ்டோர் செயலிகள் ஓடும் என்று நினைத்துக்கொண்டு வருகிறவர்கள் நிறையப் பேர். ஃபிளெக்ஸில் அது கிடையாது. டிவிடி டிரைவும் வேலை செய்யாது.

தமிழில் டைப் செய்கிறவர்களுக்குத் தனியாக ஒன்று சொல்ல வேண்டும். வானவில், பாமினி போன்ற பழைய எழுத்துருக்களில் அடித்த ஃபைல்கள் உங்களிடம் மூட்டை மூட்டையாக இருந்தால், ஃபிளெக்ஸில் திறந்ததும் ஆங்கில எழுத்துகளும் குறிகளுமாகக் குப்பை மாதிரி தெரியும். இதில் நம் விருப்பப்படி எழுத்துருவை நிறுவிக்கொள்ள வழியில்லை. யூனிகோடுக்கு மாற்றித்தான் படிக்க வேண்டும். மாற்றித் தரும் இணையதளங்கள் இருக்கின்றன. ஆனால் நூறு பக்க ஃபைல் என்றால், மாற்றிய பிறகு ஒரு தடவை உட்கார்ந்து பிழை பார்க்க வேண்டிவரும். என் கடையில் மூன்று மெஷின்கள். இரண்டில் ஃபிளெக்ஸ். மூன்றாவதில் இன்னும் விண்டோஸ்தான், இந்தப் பழைய ஃபைல்களுக்காகவே.

மெஷின் தாங்குமா?

இன்டெல் அல்லது ஏஎம்டி பிராசசர், 64 பிட், 4 ஜிபி ரேம், 16 ஜிபி டிஸ்க். கூகுள் கேட்பது இவ்வளவுதான். 2010க்கு முன்பு வந்த பிராசசர், கிராஃபிக்ஸ் என்றால் சொதப்பும் என்று அவர்களே சொல்லிவிடுகிறார்கள். விண்டோஸ் கீயையும் பாஸ் (Pause) கீயையும் சேர்த்து அழுத்தினால் ரேம் எவ்வளவு, 64 பிட்டா என்று தெரிந்துவிடும். சோதித்துப் பார்த்த மாடல்களின் பட்டியல் ஒன்றையும் கூகுள் வைத்திருக்கிறது. உங்கள் மாடல் அதில் இருந்தால் நிம்மதி. இல்லாவிட்டாலும் பெரும்பாலும் ஓடும்.

அரசு லேப்டாப்பில் 2 ஜிபிதான் இருக்கிறதே என்றால், பின்பக்க மூடியைத் திறந்து இன்னொரு ரேம் போட இடம் இருக்கிறதா பாருங்கள். பழைய ரேமைக் கையோடு எடுத்துக்கொண்டு கடைக்குப் போங்கள். டிடிஆர் 3 என்று வாயால் சொல்லி வாங்கினால், 1.5 வோல்ட், 1.35 வோல்ட் என்று இரண்டு வகை இருப்பதால் மாறிப்போகும். சிலதில் ஒன்று ஏற்கும், இன்னொன்று ஏற்காது. கையில் இன்னும் கொஞ்சம் காசு இருந்தால் பழைய ஹார்ட் டிஸ்க்கை எடுத்துவிட்டு ஒரு சின்ன எஸ்எஸ்டி போடுங்கள். உண்மையைச் சொன்னால் வேகத்தில் பாதி அதிலிருந்துதான் வருகிறது.

டி டிரைவும் போய்விடும்

இதைத் தனியாகச் சொல்லக் காரணம் இருக்கிறது. ஃபிளெக்ஸை நிறுவினால் டிஸ்க் முழுவதும் அழியும். விண்டோஸோடு பக்கத்தில் வைத்துக்கொள்ள வழி கிடையாது. நமக்கெல்லாம், "சி டிரைவ்தான் ஃபார்மட் ஆகும், டி டிரைவில் போட்டது பத்திரம்" என்று பல வருடப் பழக்கம். நானும் முதல் தடவை அதே நினைப்பில்தான் என் சொந்த லேப்டாப்பில் போட்டேன். டி டிரைவில், நெல்லிக்குப்பத்தில் நடந்த அண்ணன் மகள் காதுகுத்துப் போட்டோக்கள் இருந்தன. வேறு எங்கும் பிரதி இல்லை. அண்ணி இன்னும் அதைச் சொல்லிக்காட்டுகிறார்.

ஆகவே சி, டி, டெஸ்க்டாப், டவுன்லோட்ஸ் எல்லாவற்றையும் வெளி டிஸ்க்கில் ஏற்றுங்கள். ஏற்றிய பிறகு வேறொரு கம்ப்யூட்டரில் செருகி, நான்கைந்து ஃபைலைத் திறந்து பாருங்கள். அப்புறம்தான் அடுத்த வேலை.

பென்டிரைவ் தயாரிப்பது

8 ஜிபி அல்லது அதற்கு மேற்பட்ட பென்டிரைவ் ஒன்று வேண்டும். அதில் இருப்பதும் அழியும். நன்றாக ஓடும் ஏதாவது ஒரு விண்டோஸ் கம்ப்யூட்டரில் குரோம் பிரவுசரைத் திறந்து, குரோம்புக் ரெக்கவரி யூடிலிட்டி என்ற நீட்சியை (எக்ஸ்டென்ஷன்) சேருங்கள். திறந்ததும் மாடல் கேட்கும். பட்டியலிலிருந்து தேர்ந்தெடுக்கும் வழியில் போய், நிறுவனம் என்ற இடத்தில் கூகுள் குரோம் ஓஎஸ் ஃபிளெக்ஸ், அடுத்த கட்டத்திலும் ஃபிளெக்ஸ் என்று கொடுங்கள். பிறகு பென்டிரைவைக் காட்டினால் போதும், மீதியை அதுவே பார்த்துக்கொள்ளும். ஒரு ஜிபி அளவுக்கு டவுன்லோட் இருக்கும் என்பதால் போன் ஹாட்ஸ்பாட்டில் செய்கிறவர்கள் டேட்டா மிச்சத்தைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

வேலை முடிந்ததும் விண்டோஸ் ஒரு கலாட்டா செய்யும். ஒரே பென்டிரைவுக்கு ஈ, எஃப், ஜி, எச் என்று வரிசையாக டிரைவ்கள் முளைக்கும். ஒவ்வொன்றுக்கும், "இதை ஃபார்மட் செய்தால்தான் பயன்படுத்த முடியும்" என்று ஒரு பெட்டி வரும். ஏதோ கெட்டுவிட்டது என்று பயந்து ஃபார்மட்டை அழுத்திவிடாதீர்கள். எல்லாவற்றுக்கும் கேன்சல் கொடுத்துவிட்டுப் பென்டிரைவை எடுத்துவிடுங்கள். அதற்குள் இருக்கும் பகுதிகளை விண்டோஸுக்குப் படிக்கத் தெரியவில்லை, அவ்வளவுதான்.

பூட் கீயும் முதல் சோதனையும்

பழைய லேப்டாப்பை முழுசாக அணைத்து, பென்டிரைவைச் செருகி, ஆன் செய்த உடனே பூட் கீயை, அதாவது எதிலிருந்து தொடங்குவது என்று தேர்ந்தெடுக்க உதவும் கீயை, தட்டிக்கொண்டே இருக்க வேண்டும். டெல், லெனோவோ என்றால் எஃப் 12. எச்பி என்றால் எஃப் 9. ஏசஸ் பெரும்பாலும் எஸ்கேப். ஏசரில் பல மாடல்களில் முதலில் எஃப் 2 அழுத்தி பயாஸ் என்ற அடிப்படை செட்டிங்ஸுக்குள் போய், எஃப் 12 பூட் மெனு என்பதை ஆன் செய்துவிட்டு வர வேண்டும். பழைய ஆபீஸ் லேப்டாப்பில் யாராவது பயாஸ் பாஸ்வேர்டு போட்டு வைத்திருந்தால் அதைத் தெரிந்தவரிடம் கேட்காமல் ஒரு அடி நகர முடியாது. செகண்ட் ஹேண்டில் வாங்கும்போதே இதைச் சோதித்து வாங்குங்கள்.

வெள்ளைத் திரையில் ஃபிளெக்ஸ் வந்ததும் இரண்டு வழி காட்டும்: உடனே நிறுவுவது, முதலில் முயன்று பார்ப்பது. முயன்று பார்ப்பதையே எடுங்கள். இதில் டிஸ்க்கைத் தொடாது, எல்லாம் பென்டிரைவிலிருந்தே ஓடும். வேகம் கொஞ்சம் மந்தமாக இருக்கும், அதை வைத்து எடைபோட வேண்டாம். பார்க்க வேண்டியது வேறு.

வைஃபை பிடிக்கிறதா? ஒரு யூடியூப் பாட்டு போட்டால் ஸ்பீக்கரில் சத்தம் வருகிறதா? கேமரா? டச்பேடில் இரண்டு விரலால் தள்ளினால் பக்கம் நகர்கிறதா? மூடியை மூடி ஐந்து நிமிடம் கழித்துத் திறந்தால் விழித்துக்கொள்கிறதா? பழைய லேப்டாப்களில் இந்தக் கடைசிச் சோதனையில்தான் அதிகம் தோற்கின்றன. திரை கறுப்பாகவே நின்றுவிடும். அது உங்களுக்குப் பெரிய விஷயமில்லை என்றால் மேலே போகலாம். வைஃபை மட்டும் வரவில்லை என்றால், போனை யூஎஸ்பி கேபிளில் மாட்டி டெதரிங் போட்டு ஓட்டலாம், அல்லது சின்ன யூஎஸ்பி வைஃபை ஒன்று வாங்கலாம். வாங்கும் முன் லினக்ஸில் ஓடும் வகையா என்று விசாரித்துக்கொள்ளுங்கள்.

எல்லாம் சரியென்றால், மறுபடி பென்டிரைவிலிருந்து ஏற்றி, இம்முறை நிறுவும் வழியை எடுங்கள். சார்ஜர் மாட்டியே இருக்கட்டும், கரண்ட் போகாத நேரமாகப் பாருங்கள். பழைய பேட்டரி இரண்டு நிமிடம்கூடத் தாங்காது. ஐந்து நிமிடத்திலிருந்து இருபது நிமிடம் ஆகலாம். முடிந்ததும் தானாக அணையும். பென்டிரைவைப் பிடுங்கிவிட்டு ஆன் செய்தால் உங்கள் கணக்கைக் கேட்கும்.

தமிழ் டைப்பிங்

செட்டிங்ஸைத் திறந்து, மேலே இருக்கும் தேடல் பெட்டியில் இன்புட் என்று ஆங்கிலத்தில் தட்டுங்கள். மெனுவில் இதன் இடம் பதிப்புக்குப் பதிப்பு மாறுவதால் தேடுவதுதான் சுலபம். இன்புட் மெத்தட் சேர்க்கும் இடத்தில் தமிழ் என்று தேடினால் பல வகை வரும். தமிழ் 99 இருக்கிறது. 1999இல் தமிழக அரசு தரப்படுத்திய அமைப்பு இது: உயிரெழுத்து இடது கைக்கு, மெய் வலது கைக்கு. புதிதாகக் கற்றுக்கொள்கிறவர்களுக்கு நான் இதைத்தான் சொல்வேன். டைப்ரைட்டிங் இன்ஸ்டிட்யூட்டில் லோயர், ஹையர் முடித்தவர்கள் டைப்ரைட்டர் என்பதை எடுத்துக்கொள்ளலாம், விரல் தானாகப் போகும். வாட்ஸ்ஆப்பில் ஆங்கில எழுத்தில் தமிழை அடித்தே பழகியவர்களுக்கு உச்சரிப்பு வகை.

கன்ட்ரோல், ஸ்பேஸ் சேர்த்து அழுத்தினால் ஆங்கிலத்துக்கும் தமிழுக்கும் மாறலாம். மெனுக்களையும் தமிழில் வைத்துக்கொள்ளலாம். எனக்கு அது ஒத்துவரவில்லை. ஏதாவது சிக்கலில் போனில் ஒருவருக்கு வழி சொல்லும்போது இருவர் திரையிலும் ஒரே சொல் இருந்தால்தான் நடக்கும்.

தினசரி வேலையில் தெரிந்துகொண்டவை

விண்ணப்பத்துக்குப் போட்டோவின் அளவைக் குறைக்கக் கேட்பார்கள். அதற்கு எங்கும் போக வேண்டாம். ஃபைல்ஸில் போட்டோவைத் திறந்தால் கேலரியில் வரும், அங்கேயே வெட்டலாம், அளவு சுருக்கலாம். பிடிஎஃபில் கையெழுத்து மாதிரி கிறுக்கவும் அதுவே போதும்.

கடைக்கு வருகிற பென்டிரைவ்களில் ஷார்ட்கட் வைரஸ் இல்லாதது அபூர்வம். விண்டோஸுக்காக எழுதப்பட்ட அந்த வைரஸ் ஃபிளெக்ஸில் ஓடாது. ஃபைல் பட்டியலில் வெறும் பெயராகக் கிடக்கும், அழித்துவிட்டு வேலையைப் பார்க்கலாம். இந்த ஒன்றுக்காகவே இரண்டு மெஷினையும் மாற்றினேன் என்றுகூடச் சொல்வேன்.

பிரவுசிங் சென்டர் வைத்திருப்பவர்கள் விருந்தினர் முறையைப் பயன்படுத்துங்கள். நுழைவுத் திரையின் கீழே கெஸ்ட் என்று இருக்கும். வந்தவர் தன் மெயிலைத் திறந்து, ஹால் டிக்கெட் எடுத்துவிட்டு, லாக் அவுட் செய்யாமல் பஸ்ஸைப் பிடிக்க ஓடினாலும் பரவாயில்லை. வெளியேறியதும் எல்லாம் அழிந்துவிடும். அதே காரணத்தால், டவுன்லோட் செய்த ஃபைலைப் பிரிண்ட் எடுக்கும் முன் வெளியேறிவிட்டால் அதுவும் போய்விடும். எங்கள் கடையில் இது வாரம் ஒரு தடவை நடக்கிறது.

பிரிண்டர் விஷயத்தில் அதிர்ஷ்டமும் வேண்டும். புதிய வைஃபை பிரிண்டர்கள் பெரும்பாலும் தானாகத் தெரிந்துவிடும். தனக்கென்று தனி டிரைவர் கேட்கும் பழைய லேசர் பிரிண்டர்கள் மசியாது. என்னிடம் அப்படி ஒன்று இருக்கிறது. பிடிஎஃபைப் பென்டிரைவில் எடுத்துப்போய் விண்டோஸ் மெஷினில் கொடுத்துத்தான் அடிக்கிறேன்.

நெட் இல்லாவிட்டால் வெறும் டப்பாதானே என்று பலரும் கேட்கிறார்கள். பாதி உண்மை. 2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி அருகே கரை கடந்தபோதும், அடுத்து பெண்ணையாற்றில் வெள்ளம் வந்தபோதும் எங்களுக்கு நெட்டும் இல்லை, கரண்டும் இல்லை. அந்த நாட்களில் எந்த ஓஎஸ் போட்டிருந்தாலும் ஒன்றுதான். ஆனால் தண்ணீர் புகுந்து கம்ப்யூட்டர் போனவர்களில், ஃபைலை கூகுள் டிரைவில் வைத்திருந்தவர்கள் வேறு மெஷினில் நுழைந்து வேலையைத் தொடர்ந்தார்கள். மழைக்காலத்துக்கு முன்பே டிரைவ் செட்டிங்ஸில் ஆஃப்லைன் என்பதை ஆன் செய்து, முக்கியமான ஃபைல்களையும் ஆஃப்லைனில் கிடைக்கும்படி குறித்து வைத்துவிடுங்கள். நெட் இருக்கும்போதே செய்தால்தான் உண்டு. இலவச இடம் 15 ஜிபி, அதில் மெயிலும் போட்டோவும் சேர்த்தி என்பதையும் மறக்க வேண்டாம்.

அப்டேட்டைப் பற்றிக் கவலை வேண்டாம். இயங்குதளத்தை டிஸ்க்கில் இரண்டு பிரதிகளாக வைத்திருக்கிறார்கள். ஒன்று ஓடிக்கொண்டிருக்கும்போது புதியது மற்றதில் எழுதப்படும். அடுத்த முறை ஆன் செய்யும்போது அதற்கு மாறும். புதியது மக்கர் செய்தால் பழையதற்கே திரும்பிவிடும். பாதியில் கரண்ட் போய் எல்லாம் கெட்டுப்போகும் பழைய விண்டோஸ் கதை இதில் இல்லை.

பாஸ்வேர்டு விஷயத்தில் மட்டும் கவனம். டவுன்லோட்ஸில் இருக்கும் உங்கள் ஃபைல்கள் உங்கள் பாஸ்வேர்டால் பூட்டப்பட்டவை. போனில் பாஸ்வேர்டை மாற்றிவிட்டால், லேப்டாப்பில் நுழையும்போது பழையதையும் ஒரு தடவை கேட்கும். அது மறந்துபோனால் அங்கிருந்த ஃபைல்கள் திரும்பி வராது.

பிடிக்கவில்லை என்றால்

பக்கத்துத் தெரு கல்லூரிப் பெண் ஒருத்தி பத்து நாளில் திரும்பி வந்தாள். "அண்ணே, காலேஜ்ல டாலி கிளாஸ் ஆரம்பிச்சுட்டாங்க." திரும்ப விண்டோஸ் போட்டுக் கொடுத்தேன். மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து விண்டோஸ் பென்டிரைவ் தயாரித்து, அதே பூட் கீயால் ஏற்ற வேண்டியதுதான். முன்பு விண்டோஸ் 10 முறையாக ஆக்டிவேட் ஆகியிருந்த மெஷின் என்றால், நெட்டோடு சேர்ந்ததும் தானாகவே மறுபடி ஆக்டிவேட் ஆகிவிடும்.

அப்புறம், ஃபிளெக்ஸ் ஏற்றிய அந்தப் பென்டிரைவ். அதை விண்டோஸில் செருகினால் 8 ஜிபி இருந்தது ஏதோ சில எம்பியாகத் தெரியும். வீணாகிவிட்டது என்று தூக்கிப் போட வந்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். அதே ரெக்கவரி யூடிலிட்டியில், மேலே இருக்கும் சக்கரக் குறியைத் தட்டினால் ரெக்கவரி மீடியாவை அழிப்பது என்று ஒரு வழி இருக்கும். அதைக் கொடுத்துவிட்டு ஒரு தடவை ஃபார்மட் செய்தால் பழையபடி 8 ஜிபியும் வந்துவிடும்.